பாக் வந்துபோன வீடு

இளையராஜாவின் 'ஹவ் டு நேம் இட்?' தொகுப்பைக் கேட்பதற்கு முன்னால் ஒரு காரியம் செய்யுங்கள். அதிலிருக்கும் பத்து உருப்படிகளின் தலைப்புகளை மட்டும் வரிசையாக, வாய்விட்டு வாசியுங்கள். 'ஹவ் டு நேம் இட்?', 'மேட் மாட் மூட் ஃப்யூக்', 'யூ கேனாட் பி ஃப்ரீ', 'ஸ்டடி ஃபார் வயலின்', 'இட் இஸ் ஃபிக்ஸ்ட்', 'சேம்பர் வெல்கம்ஸ் தியாகராஜா', 'ஐ மெட் பாக் இன் மை ஹவுஸ்', 'அண்ட் வி ஹாட் எ டாக்', 'டோன்ட் கம்பேர்', 'டு எனிதிங்'.

ஒரு கதை ஓடுகிறது இல்லையா? இதற்கு என்ன பெயர் வைக்க என்கிற திணறலில் தொடங்குகிறது. பித்துப் பிடித்த ஒரு ஃப்யூக். உடனே, 'உன்னால் விடுபட முடியாது' என்று யாரோ மிரட்டுகிறார்கள். வயலினோடு கொஞ்ச நேரம் தனிச் சாதகம். மறுபடியும் மிரட்டல்: எல்லாம் தீர்மானமாகிவிட்டது, நீ ஒன்றும் செய்வதற்கில்லை. பத்தில் பாதி தூரம் ஒரே ஆள்தான் தனக்குத்தானே மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறார். ஆறாவதில்தான் ஆட்கள் வருகிறார்கள். தியாகராஜருக்கு வரவேற்பு. அடுத்து பாக், நேரே வீட்டுக்கே. உட்கார்ந்து பேசுகிறார்கள். பேச்சு எங்கேயோ இடறியிருக்க வேண்டும், 'ஒப்பிடாதே' என்று ஒரு எரிச்சல் வருகிறது. கடைசியில், 'என்ன வேண்டுமானாலும் செய்.'

1986-ல் வந்த தொகுப்பு இது. 'மௌன ராக'மும் 'புன்னகை மன்ன'னும் வந்த அதே வருஷம். அந்தப் பாட்டுகள் எங்கள் கடையநல்லூர் டீக்கடைகளில் இன்றைக்கும் ஓடுகின்றன. இது ஓடாது. சொல் கிடையாது, பாடுகிறவர் கிடையாது, முணுமுணுக்கப் பல்லவி கிடையாது. பாக், தியாகராஜர் இருவருக்கும் காணிக்கை என்ற குறிப்போடு வந்தது. அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு, 'கிழக்கும் மேற்கும் சங்கமித்த அற்புதம்' என்று எல்லோரும் எழுதிவிட்டார்கள். எனக்கு அதில் சம்மதமில்லை. சங்கமம் நடந்திருந்தால் இரண்டாம் உருப்படியோடு கதை முடிந்திருக்கும். இது ஒரு சண்டை. கட்டுக்கும் விடுதலைக்கும் நடக்கிற, யாருக்கும் வெற்றியில்லாத சண்டை. அதனால்தான் இதைத் தமிழில் வந்த முதல்தரமான கான்செப்ட் ஆல்பம் என்கிறேன்.

கான்செப்ட் ஆல்பம் என்பது ராக் இசைக்காரர்கள் பிரபலமாக்கிய சமாச்சாரம். தனித்தனிப் பாட்டுகளை மூட்டை கட்டி விற்காமல், முதல் பாட்டிலிருந்து கடைசிப் பாட்டு வரை ஒரே எண்ணத்தைக் கொண்டுபோவது. 1967-ல் பீட்டில்ஸ் 'சார்ஜன்ட் பெப்பர்' என்று ஒரு கற்பனை பேண்டாக வேஷம் கட்டினார்கள். 1969-ல் த ஹூ, கண் காது வாய் மூன்றும் அடைத்துப்போன ஒரு பையனின் கதையை 'டாமி' என்று இரட்டை இசைத்தட்டில் போட்டார்கள். 1972-ல் ஜெத்ரோ டல் இந்த மோகத்தையே கிண்டல் செய்து, இரண்டு பக்கமும் ஓடுகிற ஒரே பாட்டாக 'திக் அஸ் எ பிரிக்' செய்தார்கள். கிண்டலாகச் செய்ததே அந்த வகையின் உச்சங்களில் ஒன்றாகிப்போனது வேறு கதை. அடுத்த வருஷம் பிங்க் ஃப்ளாய்டின் 'டார்க் சைட் ஆஃப் த மூன்'. 1979-ல் அவர்களே 'த வால்'.

'த வால்' பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் போக மனசில்லை. அதை எழுதிய ரோஜர் வாட்டர்ஸின் தகப்பனார் 1944-ல் இத்தாலியில் அன்சியோ போர்முனையில் செத்துப்போனார். மகன் அப்போது கைக்குழந்தை. முகம் தெரியாத அந்தத் தகப்பனில் தொடங்கி, அளவுக்கு மீறிப் பொத்திப் பொத்தி வளர்த்த தாய், அடித்து அவமானப்படுத்திய வாத்தியார் என்று ஒவ்வொரு காயமும் ஒரு செங்கலாகி, கடைசியில் அந்த ஆளைச் சுற்றிச் சுவர் எழும்பிவிடுகிறது. இசையும் அதற்கேற்பச் சட்டை மாற்றிக்கொண்டே போகும். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் கூட்டமாகப் பாடும் பாட்டுக்கு அடியில் டிஸ்கோ தாளம் ஓடும், மரத்துப்போனவனின் பாட்டில் கிதார் அழும், விசாரணைக் காட்சி வந்ததும் ஆர்கெஸ்ட்ராவோடு நாடகக் கொட்டகையே இறங்கிவிடும். சிங்கப்பூருக்கும் சவுதிக்கும் துபாய்க்கும் தகப்பன்மாரை அனுப்பிவிட்டு, மணியார்டரிலும் கேசட்டில் பதிந்து வந்த குரலிலும் அவர்களைத் தெரிந்துகொண்டு வளர்ந்தவர்கள் எங்கள் ஊரில் தெருவுக்குத் தெரு உண்டு. இங்கிலீஷ் பாதி புரியாவிட்டாலும், அந்த ஆல்பம் எதைப் பற்றியது என்று அவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

சரி, ஒரே இழையில் பல ரசங்களைக் கோக்கிற வித்தையை வெள்ளைக்காரன்தான் கண்டுபிடித்தானா என்றால், எங்கள் பக்கத்தில் யாரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். தென்காசிக்குப் பக்கத்தில் மேலகரம். அந்த ஊர் திரிகூடராசப்பக் கவிராயர் 18-ஆம் நூற்றாண்டில் எழுதிய 'குற்றாலக் குறவஞ்சி'யை எடுத்துக்கொள்ளுங்கள். குற்றாலநாதர் பவனி வருகிறார், பந்தாடிக்கொண்டிருந்த வசந்தவல்லி மையல் கொண்டு நிலாவைத் திட்டுகிறாள், குறத்தி வந்து தன் மலைப் பெருமை பேசிக் கை பார்த்துக் குறி சொல்கிறாள். பிறகு பார்த்தால் கதை அப்படியே சிங்கன் பக்கம் திரும்பி, பறவை பிடிக்க வந்தவன் பெண்டாட்டியைக் காணாமல் ஊரெல்லாம் தேடி, கண்டதும் அவள் போட்டிருக்கிற ஒவ்வொரு நகைக்கும் கணக்குக் கேட்கிறான். விரகதாபத்தில் தொடங்கிய நூல் புருஷன் பெண்டாட்டி நையாண்டியில் வந்து நிற்கிறது. விருத்தம், கண்ணி, சிந்து என்று பாட்டு வடிவமும் கூடவே மாறும். ராக் ஆபரா என்று 'டாமி'க்குப் பெயர் வைத்தவர்கள் ஐந்தருவிக்குக் குளிக்க வந்திருந்தால் கொஞ்சம் அடக்கி வாசித்திருப்பார்கள். காலத்தால் இன்னும் கிட்டத்தில், சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியாரின் 'காவடிச் சிந்து'. ஊற்றுமலை ஜமீன்தார் கழுகுமலைக்குக் காவடி எடுத்துப் போன நடைப்பயணத்துக்கு என்றே பாடியது. 26 வயதிலேயே போய்விட்டார் மனிதர்.

இவற்றுக்கெல்லாம் வார்த்தை துணை இருந்தது. வாட்டர்ஸுக்கும் இருந்தது. ராஜா அந்தத் துணையையும் வேண்டாம் என்று ஒதுக்கிவிட்டார். மின்கிதாரின் அலறலும் கிடையாது. அப்படியானால் சண்டை எங்கே நடக்கிறது? ஸ்வரத்துக்குள்ளேயே நடக்கிறது. இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

பாக்கின் உலகத்தில் ஒரே நேரத்தில் இரண்டு மூன்று குரல்கள் தனித்தனி வழியில் நடக்கும். அவை எதிர்ப்படுகிற ஒவ்வொரு இடத்திலும் ஒன்றுக்கொன்று பொருந்த வேண்டும். அதற்கு ஒவ்வொரு ஸ்வரமும் ஆடாமல் அசையாமல் தன் இடத்தில் நிற்க வேண்டும். நம் கர்நாடக இசையில் ஸ்வரம் நின்றால் ராகமே செத்துவிடும். தோடியின் காந்தாரத்தை நேராக நிறுத்திப் பாருங்கள், தோடியாகவே இருக்காது. கமகம் என்பது ஸ்வரத்துக்குப் போடும் நகையல்ல, அதன் உயிரே அதுதான். ஆக, ஒருவருக்கு ஸ்வரம் நிற்க வேண்டும், இன்னொருவருக்கு அது அசைய வேண்டும். இரண்டு பேரையும் ஒரே அறையில் உட்கார வைத்தால் என்ன ஆகும்?

ஃப்யூக் இன்னும் வம்பு. முதல் குரல் ஒரு சின்ன வாக்கியத்தைச் சொல்லும். அதை முடித்ததும், இரண்டாவது குரல் அதே வாக்கியத்தை ஐந்தாம் ஸ்வரத்திலிருந்து தொடங்கிச் சொல்லும். முதல் குரல் சும்மா இராமல் வேறொன்றைப் பேசிக்கொண்டே கூட வரும். நம் கணக்கில் சொன்னால், ஸட்ஜத்தில் தொடங்கியதைப் பஞ்சமத்தில் தொடங்கி அப்படியே திரும்பச் சொல்ல வேண்டும். மாயாமாளவகௌளை, சங்கராபரணம், தோடி மாதிரி மேளங்களில் கீழ்ப்பாதியும் மேற்பாதியும் ஒரே அச்சு. அதனால் வாக்கியம் கீழ்ப்பாதிக்குள் அடங்கினால் ராகம் கெடாமல் தப்பிக்கலாம். கல்யாணியிலோ சிம்மேந்திரமத்தியமத்திலோ பிரதி மத்தியமம் குறுக்கே நிற்கும். ஒன்று ராகத்தை மீற வேண்டும், இல்லாவிட்டால் ஃப்யூக்கின் விதியை வளைக்க வேண்டும். 'விடுபட முடியாது', 'தீர்மானமாகிவிட்டது' என்ற தலைப்புகளைப் பெரிய தத்துவம் என்று நினைத்தவர்கள் உண்டு. எனக்கென்னவோ அவை நோட்டில் பென்சிலோடு உட்கார்ந்திருக்கிற ஒரு மனிதரின் வேலை நேரப் புலம்பலாகவே கேட்கின்றன. தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை படித்து, டி.வி. கோபாலகிருஷ்ணனிடம் கர்நாடக இசை கற்று, இரண்டு பக்கத்து விதிகளும் முழுசாகத் தெரிந்துபோன ஒருவருக்குத்தான் இந்தப் புலம்பல் வரும். ஒரு பக்கம் மட்டும் தெரிந்திருந்தால் நிம்மதியாக ஃபியூஷன் செய்துவிட்டுப் போயிருப்பார்.

இந்தச் சண்டைக்கு வயலினைத் தேர்ந்தெடுத்ததில் ஒரு நியாயம் இருக்கிறது. தொகுப்பு முழுக்கப் பேசுகிற வயலின் வி.எஸ். நரசிம்மனுடையது. இரண்டு வீட்டிலும் புழங்குகிற வாத்தியம் அது. பாக்கிடம் அது நிற்கும், நம்மிடம் அது வழுக்கும். அதை நம் வீட்டுக்குக் கூட்டிவந்தவர் என்று பெயர் பெற்ற பாலுசுவாமி தீட்சிதர், முத்துசுவாமி தீட்சிதரின் தம்பி. சென்னையை ஒட்டிய மணலியில் குடும்பம் இருந்த காலத்தில் ஒரு ஐரோப்பியரிடம் கற்றார். பின்னால் எட்டயபுரம் சமஸ்தான வித்வானாகிவிட்டார். கடையநல்லூரிலிருந்து சங்கரன்கோவில், கோவில்பட்டி வழியாகக் கிழக்கே பஸ் ஏறினால் எட்டயபுரம். அண்ணன் முத்துசுவாமி தீட்சிதர் 1835-ல் கண்ணை மூடியதும் அங்கேதான். வெள்ளைக்கார பேண்டு மெட்டுகளுக்கு சமஸ்கிருதத்தில் சாகித்தியம் எழுதி 'நோட்டுஸ்வரம்' என்று ஒரு வகையையே உண்டாக்கியவர் அவர். ஆக, ராஜாவுக்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே இந்த வேலையைத் தொட்டுப் பார்த்தவர்கள் எங்கள் கரிசல் பக்கத்தில் இருந்திருக்கிறார்கள். ஆனால் தீட்சிதர் மெட்டை அப்படியே எடுத்துக்கொண்டார், சண்டைக்குப் போகவில்லை.

'ஐ மெட் பாக் இன் மை ஹவுஸ்' தான் தொகுப்பின் நெஞ்சு. பாக் 1720-ல் எழுதிய தனி வயலின் பார்ட்டிட்டா மூன்றாவதின் முன்னுரைப் பகுதியை ராஜா எடுத்துக்கொள்கிறார். மூச்சு விடாமல் ஓடுகிற உருப்படி அது, ஒரே வயலின் இரண்டு வயலினாகக் கேட்கும். அது பாட்டுக்கு அதன் வேகத்தில் ஓட, நம் பாணி வயலின் உள்ளே நுழைந்து, தன் வளைவு நெளிவுகளோடு பேச ஆரம்பிக்கிறது. பாக்கின் எழுத்தில் கை வைப்பதா என்று முகம் சுளிப்பவர்களுக்கு ஒரு தகவல்: பாக்கே 1731-ல் லைப்சிக் நகரசபை விழாவுக்கு எழுதிய கண்டாட்டாவில் இதே முன்னுரையை ஆர்கனுக்கு மாற்றி, சுற்றிலும் வாத்தியக் கூட்டத்தைச் சேர்த்து முழக்கியிருக்கிறார். அவருக்கே இது மூடிவைத்த பெட்டியாக இருக்கவில்லை. பாக் காலமானது 1750. தியாகராஜர் பிறந்தது 1767. பதினேழு வருஷ இடைவெளியில் தவறிப்போன சந்திப்பை ராஜா தன் வீட்டில் வைத்து நடத்துகிறார்.

எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருக்கிறார். குழித்தறியில் கைலி நெய்து ஆயுசைக் கழித்தவர். முறைக்கு மாமா. சாயங்காலம் திண்ணையில் இந்தத் தொகுப்பைப் போன் ஸ்பீக்கரில் போட்டு வைத்திருந்தேன். முதல் உருப்படி முடிகிற வரைக்கும் பொறுத்தார்.

"என்ன மருமவனே, யாரு வீட்டு எழவுக்கு வாசிக்கான் இவன்?"

"இளையராஜா மாமா."

"ராஜாவா? பொய் சொல்லாதவே."

பாக் வந்ததும் காலை நீட்டி உட்கார்ந்து கவனித்தார். கொஞ்ச நேரம் கழித்து, "ஒருத்தன் நேரா ஓடுதான். இன்னொருத்தன் வளைஞ்சு வளைஞ்சு வாரான். முட்டவும் மாட்டக்கான், ஒட்டவும் மாட்டக்கான்" என்றார்.

"பாவும் ஊடையும் மாதிரின்னு சொல்லலாமா மாமா?"

"அது எப்படி? அது சேந்து துணியாயிரும்லா. இது துணியாவ மாட்டக்கே."

இத்தனை வருஷமாக நான் படித்த எந்த விமர்சனமும் இவ்வளவு சுருக்கமாக விஷயத்தைத் தொடவில்லை. துணியாகவில்லை என்பதுதான் இதன் சங்கதி. துணியாகிவிட்டால் 'டோன்ட் கம்பேர்' என்று யாரும் எரிந்து விழத் தேவையிருக்காது.

எழவு என்று மாமா சொன்னதிலும் அர்த்தம் இருக்கிறது. இந்த இசையின் அடியில் ஓடுவது துக்கம்தான், ஆனால் யாரையோ பறிகொடுத்த துக்கம் இல்லை. எடுத்த காரியம் முடியாமலே போய்விடுமோ என்ற கலக்கம். இதைச் சரியாகக் காதில் வாங்கியவர் பாலு மகேந்திரா. 1988-ல் வந்த 'வீடு' படத்துக்குத் தனியாக இசை எழுதச் சொல்லாமல் இந்தத் தொகுப்பிலிருந்தே எடுத்துப் போட்டுக்கொண்டார். குடியிருக்கும் வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்கிறார்கள். வேலைக்குப் போகும் சுதா, தாத்தாவையும் தங்கச்சியையும் வைத்துக்கொண்டு ஒரு சின்ன வீடு கட்டப் பார்க்கிறாள். லோன், கான்ட்ராக்டர், சிமென்ட் திருட்டு என்று ஒவ்வொன்றாக மேலே விழுகிறது. தாத்தாவாக வருகிற சொக்கலிங்க பாகவதர் தனியாகக் கிளம்பிப் போய், பாதி எழும்பிய அந்தச் சுவர்களைத் தடவித் தடவிப் பார்ப்பார். பார்த்துவிட்டுத் திரும்புகிற வழியிலேயே இறந்துவிடுவார். அந்தக் காட்சியை இந்த இசை இல்லாமல் நினைத்துப் பார்க்க என்னால் முடியவில்லை. சிறந்த தமிழ்ப் படம் என்றும், அர்ச்சனா சிறந்த நடிகை என்றும் தேசிய விருது கிடைத்தது. ராஜா வேறு எதற்கோ எழுதிய இசை எப்படி ஒரு நடுத்தரக் குடும்பத்தின் செங்கல் மண்ணோடு பொருந்தியது என்று பலர் வியந்திருக்கிறார்கள். விதிகளுக்கு நடுவில் தனக்கென்று ஒரு இடம் கட்டப் பார்ப்பதுதான் இரண்டிலும் நடக்கிறது. 'த வால்' ஆளைச் சிறை வைக்கிற சுவரைப் பற்றியது. 'வீடு' எழும்ப மறுக்கிற சுவரைப் பற்றியது. எனக்கு இரண்டாவதுதான் நெருக்கம்.

குறை ஒன்று உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். அந்த வீட்டுக்கு பாக் வந்தார், தியாகராஜர் வந்தார். ராஜாவின் அண்ணன் பாவலர் வரதராசன் வரவில்லை. பண்ணைப்புரத்திலிருந்து அண்ணனோடு ஆர்மோனியத்தைத் தூக்கிக்கொண்டு கம்யூனிஸ்ட் மேடைகளில் ஊர் ஊராகப் பாடித் திரிந்தவர் ராஜா. 1976-ல் 'அன்னக்கிளி'யில் தமிழ்நாடே திரும்பிப் பார்த்தது அந்த மண் வாசனையைத்தான். சினிமாப் பாட்டில் நாட்டுப்புற மெட்டுக்குக் கீழே மேற்கத்தியக் கோர்வைகளை எத்தனையோ தடவை ஓட விட்டவர், தன் சொந்தத் தொகுப்பு என்று வந்தபோது விருந்தாளிப் பட்டியலில் அந்த மூன்றாவது ஆளைச் சேர்க்கவில்லை. கணியான் கூத்தின் மகுடச் சத்தத்தையும் வில்லுப்பாட்டையும் கேட்டு வளர்ந்த எங்கள் பக்கத்து ஆட்களுக்கு இது கொஞ்சம் உறுத்தும். பாக்கும் மகுடமும் ஒரே அறையில் உட்கார்ந்திருந்தால் என்ன சண்டை நடந்திருக்கும்! அடுத்து 1988-ல் ஹரிபிரசாத் சௌராசியாவின் புல்லாங்குழலை வைத்து 'நத்திங் பட் விண்ட்' செய்தார். அழகான தொகுப்பு, ஆனால் சமாதானமாகிவிட்ட தொகுப்பு. எனக்கு முதல் சண்டைதான் பிடிக்கும்.

அந்த மூன்றாவது ஆள் ரொம்பப் பின்னால், வேறு வாசல் வழியாக வந்தார். இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் டென்மாவும் சேர்ந்து உருவாக்கிய 'த கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' 2018 ஜனவரியில் சென்னையில் மேடையேறியது. ராக் கிதாருக்குப் பக்கத்தில் கானா, அதற்குப் பக்கத்தில் பறை, ராப். சாதியை நேருக்கு நேராக எதிர்க்கிற ஒரே எண்ணம் எல்லாப் பாட்டிலும். கோபம், கேலி, துக்கம், கொண்டாட்டம் என்று குரல் மாறுகிறதே தவிர எண்ணம் மாறவில்லை. கான்செப்ட் என்ற சொல்லை அவர்கள் பெரிதாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை, தேவையும் இல்லை.

மறுபடியும் பத்தாவது உருப்படிக்கு வருகிறேன், ஏனென்றால் அதில் எனக்கும் என் நண்பன் ஒருவனுக்கும் தீராத வழக்கு. அவன் தென்காசியில் கீபோர்டு சொல்லிக்கொடுக்கிறவன். 'டு எனிதிங்' என்பது விடுதலைப் பத்திரம் என்பது அவன் கட்சி. விதியெல்லாம் கற்று முடித்தவனுக்கு, இனி உன் இஷ்டம் என்று இரண்டு பெரியவர்களும் சேர்ந்து கொடுத்த அனுமதி. நான் அதை நம்பவில்லை. விடுதலை கிடைத்தவர் 1993-ல் லண்டனில் ராயல் ஃபில்ஹார்மானிக்கோடு ஒரு சிம்பொனி பதிவு செய்து, அது வெளியே வராமலே போய், 2025 மார்ச்சில் அதே லண்டனில் 'வேலியன்ட்' என்று இன்னொன்றை மேடையேற்றும் வரைக்கும் ஓயாமல் இருந்திருப்பாரா? எண்பது வயதைத் தாண்டியும் நோட்டில் பென்சிலோடு உட்காருகிற ஆளுக்கு யாரும் பத்திரம் எழுதிக் கொடுத்ததாகத் தெரியவில்லை. ஒப்பிடாதே என்று கத்திப் பார்த்துவிட்டு, கேட்கமாட்டார்கள் என்று தெரிந்ததும், 'என்னமும் செஞ்சுக்கோங்க போங்க' என்று கையை உதறுகிற தொனியாகத்தான் எனக்கு அது படுகிறது. சாரல் சமயத்தில் பழைய குற்றாலத்துக்கு பஸ்ஸில் போகும்போது ஆளுக்கொரு காதில் மாட்டிக்கொண்டு இதை ஒருமுறை முழுசாகக் கேட்டோம். இறங்கியதும் அவன், "இப்பவாச்சும் ஒத்துக்கிடுதியா?" என்றான். ஒத்துக்கொள்ளவில்லை.